குணதிலக சேருக்காக நான் ஆஜரான கதை

எனக்கு ஒரு வியாதி இருக்கிறது. யாராவது ஒரு பேரைச் சத்தமாகக் கூப்பிட்டு, அதற்குப் பதில் வராமல் போனால் எனக்கு இருப்புக் கொள்ளாது. கூப்பிடப்பட்ட ஆள் யார், எந்த ஊர் என்பதெல்லாம் முக்கியமில்லை. ஆஸ்பத்திரியில் மருந்து கொடுக்கிற ஜன்னலில் "சீலவதி, சீலவதி" என்று இரண்டு தரம் கூப்பிட்டு சீலவதி வராவிட்டால், நான் எழுந்து சீலவதியைத் தேடிப் போவேன். (ஒருமுறை அப்படித் தேடிப் போய்வருவதற்குள் என் பேரைக் கூப்பிட்டு முடித்துவிட்டார்கள். எனக்காக யாரும் எழும்பவில்லை.)

இது பெரட்டில் தொற்றிய வியாதி. எங்களுடையது எஹலியகொடைக்கு மேலே ஒரு ரப்பர் தோட்டம். விடிகிற நேரத்தில் பால் வெட்டப் போகிறவர்கள் எல்லாரும் களத்தில் கூடி நிற்க வேண்டும். கணக்கப்பிள்ளை கொப்பியைப் பார்த்துப் பேர் வாசிப்பார். அதுதான் பெரட்டு. "ஐயா" என்று குரல் கொடுத்தால் அன்றைக்கு வேலை. மூன்று தரம் கூப்பிட்டும் சத்தம் இல்லாவிட்டால் பேரை வெட்டிவிடுவார். அப்படியே வீட்டுக்குத் திரும்ப வேண்டியதுதான். அதனால் எங்களுக்குள் ஒரு பழக்கம் உண்டு. ஒருத்தி பிள்ளைக்குச் சோறு கட்டிக்கொண்டு நிற்பாள், இன்னொருத்தர் வயிறு சரியில்லாமல் புதர்ப்பக்கம் போயிருப்பார். மூன்றாவது கூப்பாட்டுக்கு யாராவது ஒருவர் "இருக்காங்கய்யா, வாறாங்க" என்று சொல்லிவிடுவோம். கணக்கப்பிள்ளைக்கும் தெரியும், தெரியாத மாதிரி எழுதிக்கொள்வார். அந்த "யாராவது ஒருவர்" பதினைந்து வருஷமாகப் பெரும்பாலும் நான்தான்.

நல்ல பழக்கம். அதை நான் கொழும்புக் கோர்ட்டுக்குக் கொண்டுபோனதுதான் பிழை.

என் தங்கச்சி கிறிஸ்டினா எங்கள் லயத்து வீட்டு வரிசையிலிருந்து கெம்பஸ் போன முதல் ஆள். நானோ பரீட்சை என்ற சொல்லுக்குப் பயந்தே எட்டாம் வகுப்போடு நின்றவன். அவள் படித்தாள், நான் அவளுக்கும் சேர்த்துப் பயந்தேன். வேலையைப் பங்குபோட்டுக் கொண்டோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். கடைசி வருஷப் பரீட்சையில் அவளும் இன்னும் பதின்மூன்று பேரும் ஒரே பாடத்தில் பெயில். எப்போதும் முதலாவதாக வருகிற பிள்ளையும் பெயில். எங்கேயோ பிழை நடந்திருக்கிறது என்று, விடைத்தாளைத் திரும்பத் திருத்திப் பார்க்கச் சொல்லிப் பதினான்கு பேரும் விண்ணப்பம் போட்டார்கள். (எந்தப் பல்கலைக்கழகம் என்று கேட்காதீர்கள். ஒரு வழக்கே எனக்குப் போதும்.)

ஒரு மாதம் போனது, ஆறு மாதம் போனது, பதினோரு மாதமும் போனது. போன் பண்ணினால் பொறுப்பானவர் கூட்டத்தில் இருப்பார். நேரில் போனால் கூட்டம் முடிந்து வீட்டுக்குப் போயிருப்பார். அதற்குள் பட்டதாரிகளை ஆசிரியர் வேலைக்கு எடுக்கப் போகிறார்கள் என்று அறிவித்தல் வந்தது. அந்த வேலைக்கு விண்ணப்பிக்க ஒரு மாதமே இருந்தது. அந்த ஒரு பாடம் பாஸ் என்று கடிதம் இல்லாமல் கிறிஸ்டி பட்டதாரி இல்லை. இதை விட்டால் அடுத்து எப்போது எடுப்பார்களோ யாருக்கும் தெரியாது. கொழும்பில் ஒரு துணிக்கடையில் பில் போடுகிற வேலைக்குப் போகிறேன் என்று அவள் சொல்லத் தொடங்கியிருந்தாள். அன்றைக்குத்தான் அம்மா முதல்முதலாகச் சமைக்காமல் படுத்தது.

பிள்ளைகள் சேர்ந்து கோர்ட்டுக்குப் போனார்கள். ஒரு சின்ன வயது லோயர் மிஸ் கிடைத்தார். இதெல்லாம் எனக்குக் கடைசியில்தான் தெரியும். எங்கள் வீட்டில் ஒரு சட்டம் இருந்தது: அருளப்பனிடம் எதையும் சொல்லக் கூடாது, சொன்னால் அவன் தூங்கமாட்டான், அவன் தூங்காவிட்டால் வீட்டில் யாருக்கும் தூக்கம் இல்லை. நியாயமான சட்டம். நான் ராத்திரி பூராவும் "கதவு பூட்டியாச்சா" என்று கேட்கிற ஆள்.

ஆனால் வழக்குத் தவணைக்கு முதல்நாள் விஷயம் கசிந்துவிட்டது. நானும் வருவேன் என்று நின்றேன். கிறிஸ்டி ஒரு நிபந்தனை போட்டாள்.

"அண்ணே, வாங்க. ஆனா ஒண்ணும் பேச வேணாம். யாரு என்னா கேட்டாலும் பேச வேணாம். சும்மா உக்காந்திருந்தா போதும்."

"நான் என்னாத்துக்குப் பேசப் போறேன்?" என்றேன். உண்மையில் மனதாரச் சொன்னேன்.

கோர்ட்டுக்கு என்ன தேவைப்படும் என்று எனக்குத் தெரியாததால், எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டேன். எனக்கு ஒரு ஃபைல் உண்டு. தடித்த ஃபைல், கட்டுவதற்கு சைக்கிள் டியூப் வேண்டும். எங்கள் குடும்பத்தில் கையெழுத்தோ முத்திரையோ உள்ள எந்தக் காகிதமும் அதற்குள் போய்விடும், திரும்பி வராது. அதைத் தலையணைக்குக் கீழே வைத்துத்தான் படுப்பேன். (கழுத்து வலிக்கும். அதற்கு ஆஸ்பத்திரியில் கொடுத்த துண்டும் ஃபைலில் இருக்கிறது.)

முதல் பஸ்ஸில் ஏறி, அவிசாவளையில் மாறி, கோர்ட் வாசலுக்குப் போய்ச் சேர்ந்தோம். பிள்ளைகள் பதினான்கு பேரும் வெள்ளை உடுப்பில் உள்ளே போய்ப் பின் வாங்கில் உட்கார்ந்தார்கள். நான் வராந்தாவிலேயே நின்றுகொண்டேன். உள்ளே இருமினால் பிடித்து அடைத்துவிடுவார்கள் என்று எங்கள் லயத்தில் ஒருவர் சொல்லியிருந்தார். அதைக் கேட்ட நிமிஷத்திலிருந்து எனக்குத் தொண்டை அரித்துக்கொண்டே இருந்தது. போதாக்குறைக்கு வாசலில் செருப்பைக் கழற்றியிருந்தேன். தோட்டத்துத் துரையின் ஆபீஸ் படியில் செருப்போடு ஏறியவன் இல்லை நான். நீதிபதியோ துரைக்கும் துரை. திரும்பிப் பார்த்தால் அந்த நீளமான வராந்தாவில் என்னுடைய ஒரு ஜோடி மட்டும் சுவரோரம் ஒழுங்காக இருந்தது. அப்போதே எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும்.

கொஞ்ச நேரத்தில் கதவு திறந்து ஒரு கோர்ட் ஊழியர் வெளியே வந்தார். தொண்டையைச் செருமினார். வராந்தா அதிர ஒரு நீளமான சிங்களப் பேரைக் கூப்பிட்டார். முடிவில் "குணதிலக" என்று இருந்தது மட்டும் எனக்குப் பிடிபட்டது.

யாரும் அசையவில்லை.

இரண்டாவது தரம் கூப்பிட்டார். நான் அந்தப் பக்கம் பார்த்தேன், இந்தப் பக்கம் பார்த்தேன். ஒரு குணதிலகவும் ஓடி வரவில்லை. என் வியாதி தன் வேலையைத் தொடங்கிவிட்டது. பாவம், யார் பெற்ற பிள்ளையோ. எங்கிருந்து பஸ் பிடித்து வந்தாரோ. அவசரத்துக்கு ஒதுங்கியிருப்பார். பேரை வெட்டிவிட்டால் வீட்டில் போய் என்ன சொல்வார்?

மூன்றாவது தரம் "குணதிலக" என்று முடிந்ததும் என் வாய் திறந்தது. நான் திறக்கவில்லை, அதுவாகத் திறந்தது.

"இன்னவா மஹத்தயா," என்றது. இருக்கிறார் ஐயா என்று அர்த்தம்; சிங்களத்தில் இருக்கிறேன் என்பதற்கும் அதே சொல்தான். "வாறாங்க" என்று அடுத்த பாதியைச் சொல்வதற்குள் ஊழியர் என் முழங்கையைப் பிடித்துவிட்டார். என் கையிலிருந்த தடித்த ஃபைலை ஒருமுறை பார்த்தார். அவருக்குத் திருப்தி. உள்ளே தள்ளிக்கொண்டு போனார். நான் விளக்கம் சொல்ல வாயெடுத்தேன். அவர் உதட்டில் விரலை வைத்து, சுவரில் அமைதி என்று எழுதியிருந்த பலகையைக் காட்டினார். பலகையில் எழுதியிருப்பதை மீறுகிற தைரியம் எனக்கு எந்தக் காலத்திலும் இருந்ததில்லை.

இப்போது உள்ளே நடந்துகொண்டிருந்ததைச் சொல்ல வேண்டும். (அன்றைக்கு எனக்கு இதில் ஒன்றும் தெரியாது.) குணதிலக என்பவர் அந்தப் பல்கலைக்கழகத்தின் பரீட்சைப் பிரிவுக்குப் பொறுப்பான பிரதிப் பதிவாளர், இங்கிலீஷில் டெபுடி. வழக்கில் எதிராளி. சம்பந்தப்பட்ட ஃபைலோடு அன்றைக்கு நேரில் வர வேண்டும் என்று போன தவணையில் நீதிபதி கட்டளை போட்டிருந்தார். மூன்று தரம் கூப்பிட்டும் ஆள் வராவிட்டால், அந்த இடத்திலேயே பிள்ளைகளுக்குச் சாதகமாக உத்தரவு கேட்பதற்கு எங்கள் லோயர் மிஸ் எழுந்து தயாராக நின்றார். இரண்டு கூப்பாடு முடிந்திருந்தது. மூன்றாவதும் முடிந்தால் கிறிஸ்டிக்கு வேலை.

நான் ஆஜரானேன். லோயர் மிஸ் உட்கார்ந்தார்.

பின் வாங்கில் கிறிஸ்டி என்னைப் பார்த்தாள். பிறகு கீழே எதையோ தவறவிட்டவள் மாதிரி குனிந்தாள். குனிந்தவள் நிமிரவே இல்லை.

பல்கலைக்கழகத்தின் பக்கம் ஒரு இளம் லோயர் வேர்த்து வடிந்துகொண்டு நின்றார். அவர் குணதிலகவோடு போனில் பேசியிருக்கிறாரே தவிர, கண்ணால் கண்டதில்லை. என்னைக் கண்டதும் கடவுளைக் கண்ட மாதிரி மூச்சு விட்டார். ஏன் இவ்வளவு நேரம் என்று காதுக்குள் கடிந்துகொண்டு, ஃபைலுக்குக் கையை நீட்டினார். கறுப்புக் கோட் போட்ட மனிதர் கை நீட்டினால் நான் என்ன செய்வேன்? கொடுத்தேன். அவர் சைக்கிள் டியூபைக் கழற்றி, ஃபைலை மேலே அனுப்பிவிட்டார்.

நீதிபதி என்னைப் பார்த்து இங்கிலீஷில் நீளமாக ஒரு கேள்வி கேட்டார். துரை இங்கிலீஷில் பேசினால் எங்கள் தோட்டத்தில் ஒரே பதில்தான்.

"யெஸ் சேர்," என்றேன்.

இன்னொன்று கேட்டார். "யெஸ் சேர்."

மூன்றாவதும் கேட்டார். மூன்றாவதுக்கும் அதே மரியாதை.

கிறிஸ்டி பிறகு எனக்கு அதை மொழிபெயர்த்துச் சொன்னாள். முதல் கேள்வி: இந்தப் பிள்ளைகளின் விண்ணப்பங்கள் முடிவுத் திகதிக்குப் பிறகுதான் வந்து சேர்ந்தன, அதனால்தான் தாமதம் என்பதுதானா உங்கள் நிலைப்பாடு? யெஸ் சேர். அதற்கு ஆதாரம் இருக்கிறதா? யெஸ் சேர். இந்த ஃபைலில் இருக்கிறதா? யெஸ் சேர். ஆக, பத்தே விநாடியில் என் சொந்தத் தங்கச்சிக்கு எதிராக மூன்று சாட்சியம் சொல்லி முடித்திருந்தேன். குணதிலகவே நேரில் வந்திருந்தாலும் இவ்வளவு தெளிவாகச் சொல்லியிருக்க மாட்டார்.

நீதிபதி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஃபைலைத் திறந்தார்.

முதல் காகிதம் கிறிஸ்டியின் ஞானஸ்நானச் சான்றிதழ். அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், திருப்பினார். அடுத்தது அவளுக்குக் குழந்தையில் ஊசி போட்ட கிளினிக் அட்டை. அடுத்தது கிராம சேவகர் கொடுத்த வதிவிடச் சான்றிதழ், மூன்று பிரதி. (இரண்டு தொலைந்தாலும் ஒன்று இருக்க வேண்டுமே.) பல்கலைக்கழக லோயர் எட்டிப் பார்க்க முயன்று, வேண்டாம் என்று நினைத்தாரோ என்னவோ, கால் பெருவிரலைப் பார்த்துக்கொண்டு நின்றார். நீதிபதி ஒரு மஞ்சள் அட்டையைக் கையில் எடுத்து உயர்த்திப் பிடித்தார். இந்தமுறை சிங்களத்தில் கேட்டார்.

"ஜிம்மி. ஆண். இரண்டு வயது. கபில நிறம். யார் இந்த ஜிம்மி?"

அங்கே எனக்குப் பதில் தெரிந்த முதல் கேள்வி அதுதான்.

"எங்க வீட்டு நாய் சேர்."

"நாய்க்கு விசர் ஊசி போட்டது பல்கலைக்கழகமா?"

"இல்ல சேர். எஹலியகொட டவுன்ல."

நீதிபதி ஃபைலை மூடாமல் என் கையைப் பார்த்தார். பால் வெட்டுகிறவன் கை. நகத்தைச் சுற்றிக் கறுப்புக் கறை எந்தச் சவுக்காரத்துக்கும் போகாது. பிறகு மேசைக்கு மேலாகக் கழுத்தை நீட்டி என் வெறுங்காலைப் பார்த்தார்.

அதே நேரத்தில் எங்கள் லோயர் மிஸ்ஸின் கைக்கு ஒரு துண்டுக் கடதாசி வந்து சேர்ந்தது. குனிந்தபடியே கிறிஸ்டி எழுதி அனுப்பியது. பதின்மூன்று பேரின் கைமாறி, ஒவ்வொருவரும் நின்று வாசித்துவிட்டு அனுப்பியதால் தாமதமாக வந்தது. அதில் மூன்று சொல்தான் இருந்தது: "அது எங்க அண்ணன்." லோயர் மிஸ் அதை வாசித்துவிட்டு, இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார்.

"நீங்கள் யார்?" என்றார் நீதிபதி.

இதற்கும் பெரட்டில் ஒரு முறை இருக்கிறது. நிமிர்ந்து நின்றேன். "அருளப்பன் சேர். மேல் டிவிஷன். அஞ்சாம் லயம். பால் வெட்டு."

"குணதிலக இல்லையா?"

"இல்ல சேர்."

"பிறகு ஏன் இருக்கிறேன் என்று சொன்னீர்கள்?"

பொய் சொல்லத் தெரிந்திருந்தால் சொல்லியிருப்பேன். "ரெண்டு தரம் கூப்பிட்டாங்க சேர். யாருமே இல்ல. பேரை வெட்டிருவாங்களேன்னு... பாவமா இருந்துச்சு."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வெகுநேரம் துடைத்தார். தோள் லேசாகக் குலுங்கியதை நான் கண்டேன். கோபம் என்றுதான் நினைத்தேன். பிறகு பல்கலைக்கழக லோயரைப் பார்த்து, எனக்கும் விளங்கட்டும் என்றோ என்னவோ, சிங்களத்திலேயே சொன்னார்: "உங்கள் அதிகாரிக்காக வருத்தப்படுகிற ஆள் இந்த மண்டபத்தில் இவர் ஒருவர்தான்."

என்னைப் பார்த்து, இன்னொருவர் பேருக்குக் கோர்ட்டில் பதில் சொன்னால் உள்ளே போக வேண்டி வரும், தெரியுமா என்று கேட்டார். இப்போது தெரியும் சேர் என்றேன். ஃபைலைத் திருப்பிக் கொடுப்பதற்காக மூடப் போனவர், கிறிஸ்டி புதுநன்மை எடுத்த படத்தில் நின்றார். வெள்ளைக் கவுன், தலையில் பூ முடி, முன்பல் இரண்டு இல்லை. அந்தப் பிளாஸ்டிக் உறைக்குள், படத்துக்குப் பின்னால், ஈரம் படாமல் நான் சொருகி வைத்திருந்த ஒரு அட்டையை அவர் உருவி எடுத்தார்.

அது தபால் அட்டை. பிள்ளைகள் பதினான்கு பேரின் விண்ணப்பங்களையும் ஒரே உறையில் போட்டுப் பதிவுத் தபாலில் அனுப்பியது நான்தான். கிறிஸ்டி கொடுத்து, எஹலியகொடைத் தபாற்கந்தோருக்கு எடுத்துப் போனேன். போய்ச் சேருமா, சேருமா என்று தபால்காரரை நான் ஐந்து தரம் கேட்டதில் அவர் அலுத்துப்போய், "கெம்பஸ்ல வாங்குறவங்க கையெழுத்துப் போட்டு அனுப்புற மாதிரி ஒரு அட்டை இருக்கு, அதையும் ஒட்டிட்டுப் போங்களேன்" என்றார். ஒட்டினேன். கையெழுத்தோடு திரும்பி வந்தது. முத்திரை இருந்ததால் ஃபைலுக்குள் போய்விட்டது.

இந்த அட்டையைத்தான் லோயர் மிஸ் இரண்டு மாதமாகக் கேட்டிருக்கிறார். கிறிஸ்டியும் அம்மாவும் வீட்டைத் தலைகீழாக்கித் தேடியிருக்கிறார்கள். என்னிடம் மட்டும் கேட்கவில்லை. கேட்டால் நான் தூங்கமாட்டேனே.

நீதிபதி அட்டையை வெளிச்சத்தில் பிடித்து வாசித்தார். முடிவுத் திகதிக்கு ஒன்பது நாள் முன்னதாகப் போய்ச் சேர்ந்திருந்தது. அடியில் ஒரு நல்ல, தெளிவான, படித்த மனிதரின் கையெழுத்து. குணதிலக.

"இவர் இங்கே ஆஜராகித்தான் இருக்கிறார்," என்றார் நீதிபதி.

அதற்குப் பிறகு எல்லாரும் இங்கிலீஷில் மளமளவென்று பேசினார்கள். எங்கள் லோயர் மிஸ் எழுந்து நின்றதும், பிறகு எதிர்ப்பக்கத்து லோயர் தலையை ஆட்டிக்கொண்டே உட்கார்ந்ததும் தெரியும். இரண்டு வாரத்துக்குள் முடிவைக் கொடுக்க வேண்டும் என்று உத்தரவு. நான் அந்த இடத்திலேயே நின்றேன். போகலாம் என்று யாரும் சொல்லவில்லையே.

கடைசியில் ஊழியர் வந்து வெளியே கூட்டிக்கொண்டு போனார். வராந்தாவில் ஒரு பருத்த மனிதர் மூச்சு வாங்க ஓடி வந்தார். கையில் மெல்லிய ஃபைல், மீசையில் பால்தேத்தண்ணி. கென்டீனில் இருந்தாராம். முகத்தைப் பார்த்ததுமே எனக்குத் தெரிந்துவிட்டது. கிட்டப் போய், உங்கள் பேரைக் கூப்பிட்டார்கள், நான்தான் பதில் சொன்னேன் என்று மரியாதையாகச் சொன்னேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"பொஹொம ஸ்துதி மல்லி," என்று நன்றி சொல்லிவிட்டு, கவலையோடு கேட்டார்: "அப்ப நான் வந்ததா பதிஞ்சிட்டாங்களா?"

பதிந்துவிட்டார்கள் சேர் என்றேன். அந்த மனிதருக்கு உண்மையைச் சொல்லும் வேலையைக் கோர்ட்டுக்கே விட்டுவிட்டு, செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கினேன்.

பஸ்ஸில் அவிசாவளை வரைக்கும் கிறிஸ்டி என்னோடு பேசவில்லை. அவிசாவளை தாண்டியதும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, தோள் குலுங்கச் சிரிக்கத் தொடங்கினாள். சிரிப்பு எங்கேயோ அழுகையாகி, பிறகு திரும்பவும் சிரிப்பானது. "ஜிம்மி," என்றாள்.

பன்னிரண்டாவது நாள் முடிவு வந்தது. திரும்பத் திருத்தியதில் அவளுக்கு சி. சாதாரண சி. அதுதான் பாஸ். "கோர்ட்டு வரைக்கும் போய் வாங்குன சி, யாருக்கும் சொல்லிறாதீங்க" என்றாள். அம்மா அன்றைக்கே ஐந்து லயத்துக்கும் சொல்லி முடித்துவிட்டது. விண்ணப்பம் போனது, வேலையும் கிடைத்தது. இப்போது கொடகவெலப் பக்கம் ஒரு தோட்டப் பாடசாலையில் படிப்பிக்கிறாள். காலையில் இடாப்புக் கூப்பிடும்போது, வராத பிள்ளைக்காக வேறொரு பிள்ளை குரல் கொடுத்தால், அடிப்பதில்லை, ஏசுவதில்லை. "யாரு அது, அருளப்பன் மாமாவா?" என்று மட்டும் கேட்பாளாம்.

வீட்டுச் சட்டமும் மாறிவிட்டது. இப்போது எல்லாவற்றையும் என்னிடம் சொல்கிறார்கள். நான் முன்பைவிடக் குறைவாகத்தான் தூங்குகிறேன். தோட்டத்தில் என்னைப் பேர் சொல்லிக் கூப்பிடுவதை நிறுத்திவிட்டார்கள். பெரட்டில் கணக்கப்பிள்ளைகூட "டெபுடி" என்றுதான் கூப்பிடுகிறார். கோர்ட்டில் கிறிஸ்டி எழுதிய அந்தத் துண்டுக் கடதாசியை லோயர் மிஸ் திருப்பிக் கொடுத்தார். ஃபைலில் இருக்கிறது.

போன வருஷம் கிறிஸ்டிக்குக் கல்யாணம். மாப்பிள்ளை ரம்புக்கனைப் பக்கம். கோயில் நிறையச் சனம். பெண் வந்தாயிற்று, மாப்பிள்ளையின் வேன் மட்டும் எங்கேயோ மாட்டிக்கொண்டுவிட்டது. பாதர் கையில் புத்தகத்தோடு வாசலுக்கு வந்து, மாப்பிள்ளையின் பேரைச் சொல்லி, வந்தாச்சா என்று கேட்டார். பதில் இல்லை. கொஞ்சம் பொறுத்து இன்னொருமுறை, இன்னும் கொஞ்சம் சத்தமாகக் கேட்டார்.

கோயிலில் இருந்த அத்தனை பேரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள்.

கிறிஸ்டி முகத்திரையை ஒரு பக்கம் தூக்கிக்கொண்டு என் காதருகில் வந்தாள். "அண்ணே," என்றாள், "இதுக்கு மட்டும் நீங்க இருக்கேன்னு சொல்லிறாதீங்க."

மூன்றாவது தரம் கூப்பிடுவதற்குள் வேன் வந்துவிட்டது. வராவிட்டால் என்ன நடந்திருக்கும் என்று இன்றைக்கும் எனக்கே நிச்சயமில்லை.